ஒரே வீச்சு, நாலு கேமரா

நம் மலேசியத் தமிழ்ப் படங்களிலும் தொடர்களிலும் சிலம்பச் சண்டை வரும்போதெல்லாம் எனக்கு ஆதங்கமாக இருக்கும். செந்தூலிலும் கிள்ளானிலும் சின்ன வயதிலிருந்தே கம்பு சுற்றிப் பழகியவர்கள்தான் நடிக்கிறார்கள். திரையில் தெரிவதோ ஒரு கை, ஒரு முகம், ஒரு கம்பு நுனி. காலடி வரிசை எங்கே போனதென்றே தெரியாது.

காரணம், ஒற்றைக் கேமரா. முதலில் தூரத்திலிருந்து, அப்புறம் கிட்டத்தில், அப்புறம் எதிராளி பக்கத்திலிருந்து என்று அதே அடியைத் திரும்பத் திரும்ப அடிக்க வைக்கிறோம். முதல் டேக்கில் இருந்த வேகம் கடைசி டேக்கில் எப்படி வரும்? தோள் தளர்ந்துவிடும். எதிரே நிற்பவரும் எங்கே அடி விழும் என்று தெரிந்து முன்கூட்டியே ஒதுங்கத் தொடங்குவார். சண்டையும் நடனமும் எடுக்கும் நாளிலாவது மூன்று நாலு கேமராக்களை ஒரே கடிகாரத்தில் கட்டி, ஒரே வீச்சில் எடுக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

"கிளாப் பலகையை அடித்து, அந்தச் சத்தத்தை வைத்து எடிட்டிங்கில் எல்லாக் கேமராப் பதிவையும் ஒட்டினால் போதாதா?" என்பார்கள். பேச்சுக் காட்சிக்குப் போதும். ஆனால் நொடிக்கு 25 ஃப்ரேம் என்றால் ஒரு ஃப்ரேம் 40 மில்லி நொடி. கிளாப்பை வைத்து எவ்வளவு ஒட்டினாலும் கேமராக்களுக்கு நடுவே பாதி ஃப்ரேம் வரை, அதாவது 20 மில்லி நொடி, விலகல் நிற்கலாம். கம்பு நுனி நொடிக்கு 10 மீட்டர் வேகத்தில் வந்தால் அதற்குள் 20 சென்டிமீட்டர் கடந்திருக்கும், கிட்டத்தட்ட ஒரு சாண். சாதாரண வெட்டில் கண் இதை மன்னித்துவிடும். கம்பு தலையைத் தொடும் கணத்தை உறைய வைத்துக் கோணம் மாற்றினால் மன்னிக்காது. ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் நேர எண் போடும் டைம்கோட் பெட்டியை மட்டும் மாட்டினாலும் எண்தான் ஒன்றாகும். ஃப்ரேம் தொடங்கும் கணமே ஒன்றாக வேண்டுமென்றால், எல்லாக் கேமராக்களையும் ஒரே துடிப்பில் ஓட வைக்கும் ஜென்லாக் இணைப்பு வேண்டும். ஷட்டரையும் பார்க்க வேண்டும். அது 1/50 நொடி திறந்திருந்தால் அதே நுனி 20 சென்டிமீட்டருக்கு இழுபட்டு மங்கும், 1/500 நொடி என்றால் வெறும் 2 சென்டிமீட்டர். அதற்கு வெளிச்சம் ஏராளமாக வேண்டும் என்பதால், நம் ஊர் வெயிலில் திறந்த திடலில் எடுப்பதே நல்லது.

இது ஹாலிவுட் சமாச்சாரம் என்று ஒதுக்குவது எனக்குச் சம்மதமில்லை. 1878-இலேயே கலிபோர்னியாவில் மைபிரிட்ஜ் என்ற புகைப்படக்காரர் 12 கேமராக்களை வரிசையாக நிறுத்தி, குதிரை ஓடும் வழியில் குறுக்கே நூல் கட்டி, குதிரையே ஒவ்வொரு ஷட்டரையும் இழுக்கும்படி செய்தார். நாலு காலும் ஒரே நேரத்தில் தரையை விட்டு எழுகின்றனவா என்ற கேள்விக்கு அப்படித்தான் விடை கிடைத்தது. 1999-இல் வந்த 'தி மேட்ரிக்ஸ்' 100-க்கு மேற்பட்ட ஸ்டில் கேமராக்களை வைத்து உறைந்த மனிதனைச் சுற்றி வந்தது. பிரமிப்புதான், ஆனால் மைபிரிட்ஜின் கேள்விதான் எனக்குப் பெரிது. கம்பு எந்தக் கணத்தில் கை மாறுகிறது, அப்போது பின்னங்கால் எங்கே இருக்கிறது? நம் ஆசான்களின் உடம்பில் இருக்கும் இந்த விடையை எந்தப் படமாவது ஒழுங்காகப் பதிந்திருக்கிறதா?

செலவு கூடும்தான். நாலு பக்கமும் லைட்டிங் செய்வது கேமராமேனுக்குத் தலைவலி, ஒரு கேமரா இன்னொன்றின் ஃப்ரேமுக்குள் வந்து நிற்கும். ஆனாலும் ஒரே மாதிரி நாலு கேமராக்களை ஒரு நாள் வாடகைக்கு எடுப்பதையும், அதே சண்டைக்கு இன்னொரு நாள் ஷூட்டிங் வைப்பதையும் தயாரிப்பாளர்கள் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்க்கட்டும். ஒத்திகைக்கு முன்பே ஆசானையும் எடிட்டரையும் ஒரே மேசையில் உட்கார வையுங்கள். எந்த அடியை எந்தப் பக்கத்திலிருந்து பார்க்க வேண்டும் என்று ஆசான் சொல்லட்டும், கேமராவை அங்கே வையுங்கள்.