"என்ன மாறிச்சு?" என்று கேட்டவருக்கு

திருப்பூர்ச் சாயக்கழிவால் கெட்டுப்போன நொய்யல் ஆற்றைப் பற்றி அண்ணன் எடுத்த ஆவணப்படத்தை ஞாயிற்றுக்கிழமை திரையிட்டபோது நடந்ததை எல்லோரும் பார்த்துவிட்டீர்கள். எழுத வேண்டாம் என்றுதான் இரண்டு நாள் இருந்தேன், முடியவில்லை.

"இத்தனை வருஷமா படம் எடுக்கறீங்களே, என்ன மாறிச்சு?" என்று பார்வையாளர் ஒருவர் அண்ணனைக் கேட்டார். அதற்குக் கைதட்டல் வேறு. அவர் பதில் சொல்லாமல் தலையைக் குனிந்துகொண்டார். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

மாற்றுவது அண்ணன் வேலையா? நடந்ததை நடந்தபடி பதிந்து வைப்பது அவர் வேலை. 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக நெல்லையில் ஊர்வலம் போனவர்கள், போலீஸ் தடியடிக்குத் தப்பித் தாமிரபரணிக்குள் இறங்கினார்கள். 17 பேர் பிணமானார்கள். ஆர்.ஆர்.சீனிவாசன் 'நதியின் மரணம்' ஆவணப்படத்தை எடுக்காமல் விட்டிருந்தால், அந்தப் பகலை அதற்குப் பிறகு பிறந்த பிள்ளைகளுக்கு எதைக் காட்டிச் சொல்வோம்?

மலக்குழியில் மனிதரை இறக்கக் கூடாது என்று 2013-இல் சட்டம் வந்தது. இறங்கிச் செத்தவர்களைப் பற்றி 2017-இல் 'கக்கூஸ்' ஆவணப்படம் எடுத்த திவ்யபாரதி மேல் வழக்கு பாய்ந்தது. மாறவில்லை என்றால் சட்டத்தை நடத்த வேண்டியவர்களைப் போய்க் கேளுங்கள். படம் எடுத்தவரையா கேட்பது?

நொய்யல் படப்பிடிப்பில் நான்தான் மைக் பிடித்தேன். பாசனத்துக்கு என்று 1992-இல் கட்டிய ஒரத்துப்பாளையம் அணை, சாயக்கழிவு தேங்கும் தொட்டியாகிப்போன கதை. அங்கே ஒரு பெரியவர் தன் கிணற்றுத் தண்ணீரைத் தட்டில் ஊற்றி வெயிலில் வைத்தார். எங்களையும் உட்காரச் சொன்னார். சாயங்காலம் தட்டு காய்ந்து, அடியில் வெள்ளையாக உப்பு படிந்திருந்தது. விரலால் வழித்துக் கேமராவுக்கு நேரே நீட்டி, "இதைப் புடிச்சு வச்சுக்க கண்ணு. நாளைக்கு இல்லீன்னு சொல்லிப்போடுவாங்க" என்றார். எதற்குப் படம் எடுக்கிறோம் என்று எனக்குப் புரிந்தது அன்றைக்குத்தான்.

2011-இல் உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது விவசாயிகள் நடத்திய வழக்கால். படத்தால் நடந்தது என்று அண்ணன் ஒரு மேடையிலும் சொன்னதில்லை.

அடுத்தது, "ஏழைகளின் கஷ்டத்தைக் காட்டி விருது வாங்குகிறார்கள்" என்பீர்கள். அப்படிச் சிலர் உண்டு, படத்தில் பேசியவர்களுக்கே அதைக் காட்டாமல் விழா விழாவாகப் போகிறவர்கள். சரி, அவர்களைக் கேளுங்கள். அண்ணன் முதலில் காட்டியது அந்த ஊர்க் கோயில் திடலில், வேட்டியைத் திரையாகக் கட்டி. பகல் முழுக்கக் கல்யாண வீடியோ எடிட்டிங், ராத்திரி அதே கணினியில் நொய்யல். ஐந்து வருஷம் அப்படித்தான் போனது. வாங்கிய ஒரே விருதின் பணம் கேமரா வாடகைப் பாக்கிக்குப் போனது. "ஒருதலைப்பட்சம்" என்கிறவர்களுக்கும் ஒன்று: பட்டறைக்காரர்களிடம் மூன்று முறை நேரில் போய்க் கேட்டோம். பேச மறுத்தது அவர்கள்.

இதையெல்லாம் அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும். மேடைக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு நானும் வாயை மூடிக்கொண்டிருந்தேன். அந்தக் குற்ற உணர்ச்சியும் சேர்ந்துதான் எழுத வைக்கிறது.

ஒன்று மட்டும் கேட்டவருக்கு. நீங்கள் அரங்கத்துக்குள் வந்தபோது படம் முடியப் பத்து நிமிடம்கூட இல்லை. கதவருகே நின்ற நான் பார்த்தேன். அடுத்த மாதம் மறுபடி திரையிடுகிறோம். அவசியம் வாருங்கள். அந்தத் தட்டு வருவது 31-ஆவது நிமிடத்தில்.