ஒகொன்க்வோவுக்கு ஒரு பத்தி

விடைத்தாள் திருத்தும் முகாமுக்குப் போய் வந்த அலுப்பு இன்னும் தீரவில்லை. எம்.ஏ. ஆங்கில இலக்கியம், ‘நியூ லிட்டரேச்சர்ஸ்’ பேப்பர். நைஜீரிய எழுத்தாளர் சினுவா அச்சேபேயின் ‘திங்ஸ் ஃபால் அபார்ட்’ நாவல் பற்றிய பெரிய கேள்விக்கு ஏறக்குறைய எல்லாரும் ஒரே பதிலைத்தான் எழுதியிருந்தார்கள். காலனியம் வந்தது, கிறித்தவம் வந்தது, இக்போ இன மக்களின் பண்பாடு சிதைந்தது, கதாநாயகன் ஒகொன்க்வோ தூக்குப் போட்டுக்கொண்டான். மார்க்கைக் குறைக்கவும் வழியில்லை, ஏனென்றால் கேள்வியே ‘காலனியத்தின் தாக்கத்தை விவரி’ என்பதுதான். நான் மாணவனாக உட்கார்ந்து எழுதிய தேர்விலும் இதே கேள்வி. என் பதிலும் இதேதான்.

1958இல் வந்த அந்த நாவலுக்கு 25 அத்தியாயங்கள். பக்கத்து ஊரில் ஒரு வெள்ளைக்காரன் வந்தான், என்ன நடந்தது தெரியுமா என்று நண்பன் ஒபியரிகா வந்து சேதி சொல்வது 15ஆம் அத்தியாயத்தில். மிஷனரிகள் கண்ணில் படுவது 16இல். அதற்கு முன்னால் 8ஆம் அத்தியாயத்தில், சாக்பீஸ் மாதிரி வெளுத்த மனுசர்களாமே என்று தொழுநோயோடு சேர்த்து ஒரு கேலிப் பேச்சு வரும். அவ்வளவுதான். பாதிப் புத்தகத்துக்கு மேல் வெள்ளைக்காரன் தயவில்லாமலே நடக்கிறது. மல்யுத்தம், அமைதி வாரம், முகமூடி அணிந்த மூதாதையர் உட்கார்ந்து தீர்க்கும் புருஷன் பெண்டாட்டி வழக்கு, அப்பா என்று தன்னைக் கூப்பிட்ட பையனையே ஒகொன்க்வோ வெட்டுவது. இந்த 14 அத்தியாயங்களைத்தான் நாம் ‘பின்னணி’ என்று இரண்டு வகுப்பில் முடித்துவிட்டு ‘முக்கியமான’ இடத்துக்கு ஓடுகிறோம். நானும் பல வருஷம் ஓடியவன்தான்.

ஓட்டம் நின்றது ஒரு கிழங்கால். ‘யாம்’ என்றால் சேனைக்கிழங்கு என்று கைடில் போட்டிருந்தது, நானும் அதையே சொல்லிக்கொண்டிருந்தேன். கொல்லிமலைப் பக்கத்து மாணவி ஒருத்தி எழுந்து, “சார், சேனைக்கு யாராவது கொம்பு நடுவாங்களா?” என்றாள். நாவலில் முதலில் சின்னக் குச்சி, பிறகு பெரிய மரக்கிளை என்று கொடிக்குக் கொம்பு நடுகிறார்கள். “இது எங்க மலை வள்ளிக்கிழங்கு மாதிரில்ல இருக்கு” என்றாள். அவள் சொன்னதுதான் சரி. யாழ்ப்பாணத்துக்காரர்கள் இராசவள்ளி என்பார்களே, அந்த இனம். இது சின்ன விஷயம் இல்லை. அந்த ஊரில் இந்தக் கிழங்கு ஆண்பிள்ளைப் பயிர். சேப்பங்கிழங்கு, பயறு, மரவள்ளி எல்லாம் பெண்கள் பாடு. கொம்பு நட்டு, களஞ்சியம் நிரப்பினால்தான் ஒருவன் ஆம்பளை. அது புரியாமல் ஒகொன்க்வோவின் மூர்க்கம் எப்படிப் புரியும்?

அடுத்த வாரம் ஒகொன்க்வோவின் மனைவி எக்வெஃபி. பத்துப் பிள்ளை பெற்று ஒன்பதைப் பறிகொடுத்தவள். ஒரு பிள்ளைக்கு ‘சாவே, உன்னைக் கெஞ்சுகிறேன்’ என்று பெயர் வைக்கிறாள், போய்விடுகிறது. அடுத்ததற்கு ‘இனி இப்படி நடக்க வேண்டாம்’. அதுவும் போகிறது. பிறகு வெறுத்துப்போய் ‘சாவின் இஷ்டம்’ என்று ஒரு பெயர். இதைப் படித்ததும் பின்பெஞ்சிலிருந்து, “எங்க அப்பத்தா பேரு குப்பம்மா சார். அதுக்கு முன்னாடி மூணு தங்கலையாம். குப்பைல போட்டு எடுத்தாங்களாம்” என்றான் ஒருவன். அப்புறம் பிச்சை வந்தார், பிச்சையம்மா வந்தார். அன்றைக்கு நான் பாடம் எடுக்கவே இல்லை என்றுதான் சொல்ல வேண்டும். நூலகத்தில் தூசி படிந்து கிடந்த ‘சிதைவுகள்’, என்.கே. மகாலிங்கத்தின் தமிழாக்கம், அதற்குப் பிறகுதான் வகுப்புக்குள் வந்தது. ஆங்கில வகுப்பில் தமிழ்ப் புத்தகமா என்று ஒரு சக ஆசிரியர் கேட்டார். அந்தக் கதையை விடுவோம்.

2025 மே மாதம் கென்ய எழுத்தாளர் கூகி வா தியாங்கோ இறந்தபோது முகநூல் முழுக்க அஞ்சலி. நானும் போட்டேன். ஆனால் அவரும் இரண்டு சக ஆசிரியர்களும் 1968 அக்டோபரில் நைரோபி பல்கலைக்கழகக் கல்லூரியில் எழுதிய குறிப்பை நாம் ஒழுங்காகப் படித்திருந்தால் நம் பாடத்திட்டம் இப்படி இருக்காது. அப்போது அவர் பெயர் ஜேம்ஸ் கூகி. மற்ற இருவர் ஹென்றி ஒவூர் அன்யும்பா, தபன் லோ லியோங். ஆங்கிலத் துறையை வளர்ப்பது பற்றி ஓர் அறிக்கை சுற்றுக்கு வந்தபோது, இவர்கள் பதிலுக்கு எழுதியதன் தலைப்பு ‘ஆங்கிலத் துறையை ஒழிப்பது பற்றி’. நாலு ஆப்பிரிக்கப் புத்தகத்தைச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று மனுப் போடுகிற தொனியே அதில் கிடையாது. ஒரே பண்பாட்டின் தொடர்ச்சியைத்தான் படிக்க வேண்டும் என்றால் அது ஏன் ஆப்பிரிக்கப் பண்பாடாக இருக்கக் கூடாது? அதை நடுவில் வைத்து மற்றதையெல்லாம் அங்கிருந்து பார்த்தால் என்ன? இதுதான் அவர்கள் கேட்டது. வாய்மொழி இலக்கியம் உயிரோடு இருப்பது, அதைப் பாடமாக்கு என்றார்கள். ஷேக்ஸ்பியரைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. ஐரோப்பிய இலக்கியத்துக்கும் அவர்கள் திட்டத்தில் இடம் இருந்தது. பெரிய சண்டைக்குப் பிறகு ‘ஆங்கில’ என்ற அடைமொழி உதிர்ந்து அங்கே ‘இலக்கியத் துறை’ வந்தது. 1974இல் பள்ளிகளில் என்ன இலக்கியம் கற்பிப்பது என்று நைரோபியில் மாநாடே கூட்டினார்கள்.

நம் பாடத்திட்டத்தைப் பாருங்கள். ஒரு செமஸ்டரில் ஒரு பேப்பர், அதில் கனடா, ஆஸ்திரேலியா, கரீபியனோடு ஆப்பிரிக்காவுக்கு ஒரு மூலை. மூலையில் அச்சேபே, விட்டால் இன்னொரு நைஜீரியர், நாடகாசிரியர் சோயின்கா. 1966இல் ஃப்ளோரா ந்வாபா எழுதிய ‘எஃபுரு’ இருக்கிறது. பிள்ளை தங்காத, வியாபாரத்தில் கெட்டிக்காரியான, ஏரித் தெய்வத்தைக் கும்பிடும் ஓர் இக்போப் பெண்ணின் கதை. எக்வெஃபிக்குப் பக்கத்தில் வைத்துப் படிக்க இதைவிடப் பொருத்தமான புத்தகம் எனக்குத் தெரியாது. எந்தப் பேப்பரிலும் அதை நான் பார்த்ததில்லை.

அச்சேபே நாவலின் கடைசிப் பத்தி ஞாபகம் இருக்கிறதா? ஒகொன்க்வோவின் பிணம் மரத்தில் தொங்குகிறது. வெள்ளைக்கார கமிஷனர் தான் எழுதப்போகும் புத்தகத்தை நினைத்துக்கொண்டே நடக்கிறார். இந்த ஆளைப் பற்றி ஒரு அத்தியாயமே எழுதலாம், சரி, அத்தியாயம் வேண்டாம், ஓரளவு நீளமான ஒரு பத்தி போதும். திருத்தும் முகாமில் நாற்பதாவது தாளை எடுத்தபோது எனக்கு அந்தக் கமிஷனர்தான் ஞாபகத்துக்கு வந்தார். நம் ‘காலனியத்தின் தாக்கம்’ பதிலும் நீளத்தில் கிட்டத்தட்ட அவ்வளவுதான்.

போன வருஷம் கேள்வித்தாள் தயாரிக்கும் முறை எனக்கு வந்தது. பத்து மார்க்குக்கு ஒரு கேள்வி வைத்தேன்: ‘எக்வெஃபி தன் பிள்ளைகளுக்கு இட்ட பெயர்கள் அவளைப் பற்றி என்ன சொல்கின்றன? உங்கள் ஊரில் இதுபோன்ற பெயரிடும் வழக்கம் இருந்தால் ஒப்பிட்டு எழுதுக.’ சரிபார்ப்புக் குழுவிலிருந்து திரும்பி வந்தபோது அதன் குறுக்கே சிவப்பு மையில் ஒரு கோடு. பக்கத்தில் ஒரு குறிப்பு: ‘நாட்டுப்புறவியல் பேப்பருக்கு உரியது’. அதற்குப் பதிலாக எந்தக் கேள்வியை வைத்தார்கள் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.