விளைச்சல் கூடினால் பரப்பு குறையலாமா?
நெல் பரப்பு குறைந்தாலும் விளைச்சல் கூடிவிட்டதால் கவலையில்லை என்று ஒரு கட்டுரையில் சொல்வது கன்னியாகுமரி மாவட்டத்து எங்கள் நாஞ்சில் நாட்டுக்குச் சரிப்பட்டு வராது. சரி, 1950-51ல் இந்தியாவின் சராசரி ஹெக்டேருக்கு 668 கிலோ அரிசி, இப்போது 2,800 கிலோவுக்கு மேல், பெரிய சாதனைதான், இங்குள்ள திருப்பதிசாரம் வேளாண் ஆராய்ச்சி நிலையத்து நெல் ரகங்கள் எங்கள் வயலிலும் நன்றாகவே விளைகின்றன. ஆனால் அந்தக் கணக்கு நெல் அறுத்த நிலத்துக்கு மட்டும்தான், மண்ணடித்து பிளாட் போட்ட வயல் அதில் வரவே வராது. அப்புறம், ஏலாவின் (சேர்ந்து கிடக்கும் வயல் பரப்பின்) நடுவில் ஒருவர் வயலை நிரப்பினால் வடிகால் அடைபட்டு, கன்னிப்பூ (முதல் போக நெல்) அறுப்பு நேரத்து மழைத் தண்ணீர் பக்கத்து வயலில் வடிய வழியில்லாமல் நிற்கிறது, சாய்ந்த கதிர் தண்ணீரில் கிடந்து முளைவிட்டதை இந்த முறையும் பார்த்தேன், அறுப்பு மிஷினும் அந்தச் சேற்றில் இறங்காது. அந்தக் கட்டுரைக்குக் கருத்து எழுதிய ஒருவர் நல்ல விதை கொடுத்தால் போதும் என்கிறார், வடிகாலைத் திறந்துவிடாமல் எந்த விதை கொடுத்தும் பிரயோஜனமில்லை.