பிடி கட்டிய வெங்காயமும் கிரிம்வே கரட்டும்

அமெரிக்காவின் கிரிம்வே என்ற கரட் நிறுவனம் பற்றிய கட்டுரையை இரண்டு தரம் வாசித்தேன். 1960களின் கடைசியில் கலிஃபோர்னியாவில் தெருவோரக் கடையில் மரக்கறி விற்ற இரண்டு சகோதரர்கள், பிறகு உலகத்திலேயே பெரிய கரட் உற்பத்தியாளர்களில் ஒருவரானார்கள் என்றால் சும்மாவா!

ஆனால் ஒரு முக்கியமான விசயம் கட்டுரையில் விடுபட்டுவிட்டது. கிரிம்வே விற்கிற குட்டிக் கரட் அந்தச் சகோதரர்களின் கண்டுபிடிப்பு இல்லை. அதே பக்கத்து விவசாயி மைக் யூரோசெக், கோணல், உடைசல் என்று கடைகள் ஒதுக்கிய கரட்டை 1986இல் இரண்டு அங்குலத் துண்டுகளாக வெட்டி, தோல் சீவி விற்கத் தொடங்கினார். அவருடைய தொழிலைப் பிற்பாடு கிரிம்வே வாங்கியது. கழிவாகப் போனதைக் காசாக்கிய இடம் அதுதான்.

நாங்கள் இலங்கையில் திருகோணமலை நிலாவெளிப் பக்கம் சின்ன வெங்காயம் செய்கிற குடும்பம். அப்பா விதை வெங்காயத்தை அதன் இலைத்தாளோடு பிடி பிடியாகக் கட்டி, கொட்டில் வளையில் தொங்கவிடுவார். ஒவ்வொரு பிடியையும் கையால் அமுக்கிப் பார்ப்பார், ஒன்று அழுகினாலும் பக்கத்தில் உள்ளதும் போய்விடும். போன போகம், அளவில் சிறிய பொடி வெங்காயம், வேண்டாம் என்று ஒரு வியாபாரி ஏழு மூட்டையை ஒதுக்கிவிட்டு லொறியை எடுத்துக்கொண்டு போனார். அம்மா அழுதா. 2021இல் அரசாங்கம் இரசாயன உரத்தைத் தடை செய்தபோதுகூட அவ அப்படி அழவில்லை.

தம்பிமாருக்கு இந்தக் கட்டுரையை அனுப்பியிருக்கிறேன். பொடி வெங்காயத்தை உரித்துப் பைக்கற்றில் அடைத்து பக்கத்து உப்புவெளி ஹோட்டல்களுக்குக் கொடுத்துப் பார்ப்போம் என்று சின்னவன் சொல்கிறான். வாற கிழமை முதல் பத்துக் கிலோ உரிக்கப்போகிறோம்.