சட்டத்தை எதிர்க்க வேண்டாம், தேதியைத் தள்ளினாலே போதும்

சிகரெட், பீடி பாக்கெட்டில் எச்சரிக்கைப் படம் வேண்டும் என்று நாடாளுமன்றம் சட்டம் போட்டது 2003இல். படம் கடைக்கு வந்தது 2009 மே 31இல். நடுவில் போன ஆறு வருஷம் முழுக்க விதிகளின் மேல் நடந்த பேரம். முதலில் அறிவித்த மண்டையோட்டுப் படத்தைக் கட்டாயமில்லை என்று ஆக்க 2007இல் சட்டத்தையே திருத்தினார்கள். கடைசியில் படத்துக்குக் கிடைத்தது பாக்கெட்டின் முன்பக்கத்தில் மட்டும் 40 சதவீத இடம்.

அரசின் முடிவைத் தங்கள் பக்கம் திருப்பப் புகையிலைக் கம்பெனிகள் நடத்தும் லாபி வேலை செய்வது இந்த இடத்தில்தான். சட்டத்தை எதிர்த்தால் செய்தியாகும், ஓட்டுப் போகும். எத்தனை சதவீதம், எந்தத் தேதி முதல் என்பதை முடிவு செய்யும் அரசிதழ் அறிவிப்பை யார் படிக்கிறார்கள்? தள்ளிப்போகும் ஒவ்வொரு மாதமும் கம்பெனிக்கு விற்பனை.

2014 அக்டோபரில் சுகாதார அமைச்சகம் இருபக்கமும் 85 சதவீதம் என்று அறிவித்தது. 60 படம், 25 எழுத்து. 2015 ஏப்ரல் 1 முதல் அமல். அதற்குச் சில நாள் முன்பு, விதிகளைப் பரிசீலிக்கும் மக்களவைக் குழு நிறுத்தி வைக்கச் சொன்னது, அமைச்சகமும் நிறுத்தியது. புகையிலையால் புற்றுநோய் வருகிறது என்று இந்திய ஆய்வு எதுவும் சொல்லவில்லை என்றார் குழுத் தலைவர் திலீப் காந்தி. குழு உறுப்பினர்களில் ஒருவர், அப்போதைய அலகாபாத் எம்.பி. சியாமா சரண் குப்தா, பீடித் தொழிலதிபர். சொந்த வியாபாரத்தைத் தொடும் விதியைப் பரிசீலிக்கும் குழுவில் ஒருவர் உட்காரலாம் என்றால் அந்தக் குழுவின் பரிந்துரைக்கு என்ன மதிப்பு? 2016 மார்ச்சில் 50 சதவீதம் போதும் என்று அந்தக் குழு பரிந்துரைத்தது.

ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் தலையிட்ட பிறகே 2016 ஏப்ரல் 1இல் 85 அமலுக்கு வந்தது. அன்றே பெரிய சிகரெட் கம்பெனிகள் உற்பத்தியை நிறுத்தின. ஒரு நாள் நிறுத்தினால் 350 கோடி ரூபாய் உற்பத்தி போகும் என்றது அவர்கள் சங்கம். வரியை நம்பியிருக்கும் நிதித் துறைக்குச் சொன்ன கணக்கு அது. பெரிய சிகரெட் கம்பெனியான ஐடிசியின் பங்கில் சுமார் 11 சதவீதம் அப்போது அரசின் கையில் இருந்தது, எல்ஐசியின் பங்கு தனி. கட்டுப்படுத்த வேண்டியவரே பங்குதாரர். 2017 டிசம்பரில் கர்நாடக உயர் நீதிமன்றம் 85ஐ ரத்து செய்ய, அடுத்த மாதமே உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்புக்குத் தடை விதித்தது.

இவ்வளவு சண்டை எதற்கு? படம் வேலை செய்கிறது. 2016-17 தேசியக் கணக்கெடுப்பில் சிகரெட் பிடிப்பவர்களில் 61.9 சதவீதம் பேர் அந்தப் படத்தைப் பார்த்து விட்டுவிட நினைத்ததாகச் சொன்னார்கள். பீடியில் 53.8. ஒரு ஓட்டையும் உண்டு: பெட்டிக்கடையில் சில்லறையாக ஒன்றிரண்டு வாங்குகிறவர் கையில் பாக்கெட்டே வருவதில்லை. படம் கடைக்காரரோடு நின்றுவிடுகிறது. மகாராஷ்டிரா 2020இல் சில்லறை விற்பனையைத் தடை செய்தது இதனால்தான்.

பொதுமக்களிடம் பேசும்போது கம்பெனி முன்னால் வருவதே இல்லை. விவசாயியும் பீடி சுற்றும் பெண்ணும்தான் வருகிறார்கள். திருநெல்வேலி, தென்காசிப் பக்கம் வீட்டில் உட்கார்ந்து இலை வெட்டி, தூள் வைத்து, நூல் கட்டி, ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்று கூலி வாங்கும் பெண்களின் கஷ்டம் நிஜம். அதனால்தான் அந்த வாதம் எடுபடுகிறது. ஆனால் அவர்கள் பிள்ளைகளின் படிப்பு உதவிக்கும் மருத்துவத்துக்கும் பணம் தந்த பீடித் தொழிலாளர் நல வரி, ஜிஎஸ்டி வந்தபோது 2017இல் நீக்கப்பட்டது. தொழிலாளர் பெயரைச் சொல்லி வரும் எந்த மனுவிலும் முதலில் இதைத் தேடுங்கள். கூலி உயர்வு, நல நிதி, மாற்றுத் தொழில் மூன்றும் இல்லாமல் படத்தின் அளவை மட்டும் குறைக்கச் சொன்னால், அது அந்தப் பெண்களுக்காக எழுதிய மனு இல்லை.

புகையிலைக் கம்பெனிகளோடு அதிகாரிகள் எப்படிப் பழக வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புகையிலைக் கட்டுப்பாட்டு ஒப்பந்தத்தின் 5.3ஆவது பிரிவு சொல்கிறது. இந்தியா 2004இலேயே ஏற்றது. அதற்கான நடத்தை விதியைச் சுகாதார அமைச்சகம் கொண்டுவந்தது 2020இல், அதுவும் தன் துறைக்கு மட்டும். புகையிலை விற்பனையை வளர்க்கும் புகையிலை வாரியம் வர்த்தக அமைச்சகத்தின் கீழ் இருக்கிறது. நிதி, வர்த்தகம், வேளாண்மை, தொழிலாளர் துறைகளுக்கும், விதிகளைப் பரிசீலிக்கும் எம்.பி.க்களுக்கும் அந்த நடத்தை விதி பொருந்த வேண்டும். எந்தக் கம்பெனி ஆளை எந்தத் தேதியில் எதற்காகச் சந்தித்தார்கள் என்பது இணையத்தில் வர வேண்டும். உங்கள் எம்.பி.யிடம் இதைக் கேளுங்கள்.