ஆன்னி ஓந்த்ராவுக்குக் குரல் இல்லை என்று யார் சொன்னது?

பிரிட்டிஷ் இயக்குநர் ஹிட்ச்காக்கின் ‘பிளாக்மெயில்’ படம் பற்றி எழுதுபவர்கள் அதன் நாயகி ஆன்னி ஓந்த்ரா பற்றி ஒரே செய்தியைத்தான் சொல்கிறார்கள். அந்தச் செக் நாட்டு நடிகைக்கு ஆங்கிலம் சரியாக வரவில்லை, இன்னொருவர் குரல் கொடுத்தார். அத்தோடு அவர் கதை முடிந்தது. இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனசு ஆறுவதில்லை.

1929இல் அந்தப் படம் மௌனப் படமாகத்தான் தொடங்கியது. நடுவில் பேசும்படமாக மாற்றினார்கள். ஓந்த்ராவுக்கு லண்டன் கடைக்காரர் ஒருவரின் மகள் வேடம். அவருடைய உச்சரிப்பு அதற்குப் பொருந்தவில்லை. படம் எடுத்த பிறகு டப்பிங் செய்ய அப்போது வழியில்லை. அதனால் ஜோன் பாரி என்ற நடிகை கேமராவின் பார்வைக்கு வெளியே மைக் முன் நின்று வசனம் பேச, ஓந்த்ரா அதே நேரத்தில் வாயசைத்தார். அடுத்தவர் மூச்சுக்குத் தன் உதட்டைப் பொருத்திக்கொண்டே நடிக்கவும் வேண்டும்!

அதில் ஒரு காலைச் சாப்பாட்டுக் காட்சி. முந்தைய இரவு தன்னைப் பலவந்தப்படுத்தியவனைக் குத்திக் கொன்றுவிட்டு வந்து உட்கார்ந்திருக்கிறாள் அந்தப் பெண். வம்பு பேச வந்தவளின் பேச்சு மெல்ல மங்கி, ‘கத்தி’ என்ற சொல் மட்டும் திரும்பத் திரும்பத் தெளிவாக விழுகிறது. ஒலியைக் கையாண்ட விதத்துக்காக எல்லோரும் புகழும் காட்சி. சரிதான். ஆனால் அந்தச் சொல் விழும்போதெல்லாம் இறுகுகிற முகம் யாருடையது?

அந்த முகம் ப்ராக் நகரத்து மௌனப் படங்களில் பக்குவப்பட்டது. இயக்குநர் கரேல் லமாச், ஒளிப்பதிவாளர் ஓட்டோ ஹெல்லர், கதாசிரியர் வாட்ஸ்லாவ் வாஸ்ஸர்மன் ஆகியோரோடு ஓந்த்ராவையும் சேர்த்து ‘வலுவான நால்வர்’ என்பார்கள். 1924இல் வந்த ‘வெள்ளைச் சொர்க்கம்’ இந்தக் கூட்டணியின் படம்தான். லண்டனுக்கு அவர் புதுமுகமாகப் போகவில்லை.

பேசும்படம் வந்ததும் அவர் காணாமல் போய்விட்டாரா? இல்லவே இல்லை. 1930இல் பெர்லினில் லமாச்சோடு சேர்ந்து சொந்தத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார். அதன் பெயர் ‘ஓந்த்ரா-லமாச் ஃபிலிம்’. அவர் பெயர்தான் முதலில். அடுத்த வருஷமே செக் நகைச்சுவை மன்னன் விளாஸ்தா புரியனோடு நடித்த படம் செக், ஜெர்மன் இரண்டு மொழிகளிலும் எடுக்கப்பட்டது. இரண்டிலும் அவரே நாயகி. 1933இல் குத்துச்சண்டை வீரர் மாக்ஸ் ஷ்மெலிங்கை மணந்த பிறகும் நடித்தார். 1935இல் கணவரோடு ஒரு படத்தில் ஜோடியாகவும் வந்தார்.

‘பிளாக்மெயிலு’க்காக எடுத்த குரல் சோதனைத் துண்டு இன்றும் இருக்கிறது. ஹிட்ச்காக் மைக் முன்னால் அவரிடம் ஆபாசமாக ஏதோ கேட்கிறார். ஓந்த்ரா முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரிக்கிறார். பலர் இதை வேடிக்கையாகப் பகிர்கிறார்கள். எனக்கு அது வேடிக்கையாகப் படவில்லை. தன் பேச்சு எடுபடுமா என்று சோதிக்கப்படும் இடத்தில் நிற்கிற ஒரு பெண்ணிடம் கேட்கிற கேள்வியா அது? இத்தனைக்கும் அவர் பேசுவது நன்றாகவே புரிகிறது.

அந்தப் படத்துக்கு மௌன வடிவமும் உண்டு. பார்க்க நினைப்பவர்கள் அதிலிருந்து தொடங்குங்கள். அதில் ஓந்த்ராவுக்கும் நமக்கும் நடுவே வேறு யார் குரலும் கிடையாது.