"கீழே பேர் கூடப் போட மாட்டாரா?"

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃப்ரெடரிக் வைஸ்மன் எடுத்த படம் ஒன்றின் லிங்க்கை நண்பனுக்கு அனுப்பியிருந்தேன். இருபது நிமிஷத்தில் போன். "யாருடா இவங்கல்லாம்? கீழே பேர் கூடப் போட மாட்டாரா உங்க ஆளு?"

போட மாட்டார். பின்னணிக் குரல், பேட்டி, சோகக் காட்சிக்கு வயலின் எதுவும் கிடையாது. 1967-லிருந்து அரை நூற்றாண்டுக்கு மேல் அப்படித்தான் எடுத்தார்.

நான் அனுப்பியது 1975-இல் வந்த 'வெல்ஃபேர்'. நியூயார்க்கில் அரசு உதவித்தொகை கொடுக்கும் ஒரு ஆபீஸ். கறுப்பு வெள்ளை, மூன்று மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. ஒருவர் காகிதத்தை நீட்டுகிறார். இங்கே இல்லை, அங்கே போங்கள் என்கிறார்கள். அங்கே போனால் வேறொரு காகிதம் வேண்டுமாம். தாலுகா ஆபீஸில் ஒரு நாள் நின்றவருக்கு சப்டைட்டிலே தேவைப்படாது. ஆனால் மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவர்களையும் வில்லனாக்கவில்லை. அவர்களும் பாவம், விதிமுறைக்குள் மாட்டிக்கொண்டு முழிக்கிறார்கள்.

"சும்மா கேமராவை வெச்சுட்டுப் பார்த்துக்கிட்டே இருப்பார்" என்று சிலர் பாராட்டும்போதுதான் எனக்கு எரிச்சல் வரும். மைக்கைத் தானே பிடித்துக்கொண்டு, எங்கே திரும்ப வேண்டுமென்று கேமராமேனுக்குச் சைகை காட்டியவர் அவர். ஷூட்டிங் சில வாரங்கள்தான். நூறு மணி நேரத்தைத் தாண்டும் ஃபுட்டேஜோடு எடிட்டிங்கில் மாதக்கணக்கில் உட்கார்ந்துவிடுவார். படம் அங்கேதான் பிறக்கிறது.

நானும் எடிட்டிங்கில் பிழைக்கிறவன். ஒரு வீடியோவில், பாட்டி ஒருவர் பதில் சொல்வதற்கு முன் முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்ட நாலு செகண்டை வெட்டச் சொன்னார்கள். இழுக்குதாம். வெட்டினேன். பாட்டி சொன்ன பதில் மறந்துபோச்சு, வெட்டிய நாலு செகண்ட் மறக்கவில்லை.

வைஸ்மனுடைய முதல் படத்தைப் பற்றி மட்டும் மனசு இன்னும் சமாதானமாகவில்லை. மாசசூசெட்ஸ் மாநிலத்தில் மனநலம் பாதித்த கைதிகளை வைத்திருந்த பிரிட்ஜ்வாட்டரில் எடுத்தது. சாப்பிட மறுக்கும் ஒருவருக்கு மூக்கு வழியாகக் குழாய் விடுகிறார்கள். மருத்துவர் வாயில் சிகரெட், அதன் சாம்பல் உணவு ஊற்றும் புனலுக்கு மேலேயே தொங்குகிறது. நடுநடுவே அதே மனிதரின் பிணத்தைச் சவரம் செய்து தயார்படுத்தும் காட்சிகள். அந்த வெட்டு கொஞ்சம் ஓவர் என்று பிற்காலத்தில் வைஸ்மனே ஒத்துக்கொண்டார். கைதிகளின் அந்தரங்கத்தைக் காரணம் காட்டி நீதிமன்றம் விதித்த தடை, பொதுமக்களுக்கு விலக 1991 ஆனது. அரசு தன் அசிங்கத்தை மறைத்தது என்றுதான் ரொம்ப நாள் சொல்லிக்கொண்டிருந்தேன். இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன். ஆனாலும், அம்மணமாக நிற்கும் அந்த மனிதர்களிடம் யார் போய், அவர்களுக்குப் புரியும்படி சம்மதம் கேட்டிருக்க முடியும்?

'வெல்ஃபேர்' முடிகிற இடத்தில் ஒருவர் மேலே பார்த்துக் கடவுளிடம் பேசுவார். பெக்கெட் நாடகத்தில் இரண்டு பேர் கோடோ என்ற ஒருவனுக்காகக் காத்திருப்பதுபோல் தானும் காத்திருப்பதாகச் சொல்வார். கோடோ வரவே மாட்டான் என்பதும் அவருக்குத் தெரியும்.

ராத்திரி ஒரு மணிக்கு நண்பனிடமிருந்து மெசேஜ்: "அந்த ஆளுக்குப் பணம் கிடைச்சுதா?"

படத்தில் இல்லையே.